மீதி இல்லாமல் வந்த விடை

விதுரா நிறுத்தத்தில் பஸ் நின்றதும் அம்மா எழுந்துவிட்டாள். முந்தானையை இழுத்துச் செருகி, காகிதங்கள் இருந்த பையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, என் தோளைத் தட்டினாள்.

“ஏ பிள்ள, எறங்குவமா?”

“இங்க எதுக்கும்மா எறங்கணும்?”

“ஒம்பதே முக்கால் ஆயிருச்சாம்லா. முன்னால இருக்க அண்ணாச்சிட்ட கேட்டேன்.”

அம்மாவுக்குக் கடிகாரம் பார்க்கத் தெரியாது. ஆனால் அது விதுரா என்று நன்றாகவே தெரியும். சந்தைக்கு எத்தனையோ முறை வந்து போன ஊர். நாங்கள் போக வேண்டியதோ திருவனந்தபுரம் கிழக்கேகோட்டை. இருந்தும் அவள் எழுந்து நின்றாள். ஒன்பதே முக்காலுக்கு இறங்கிவிடுவோம் என்று மகள் சொல்லியிருக்கிறாள், ஒன்பதே முக்கால் ஆகிவிட்டது. மகளுக்கு இங்கிருந்து வேறு ஏதோ வழி தெரிந்திருக்கும் என்று நினைத்துக்கொண்டாள்.

கண்டக்டர் பார்த்துவிட்டார். “அம்மே, டிக்கெட் கிழக்கேகோட்டைக்கல்லே? இனியும் பாதி வழி உண்டு. நடந்நு போகானோ?”

நாலைந்து பேர் சிரித்தார்கள். அம்மாவும் சேர்ந்து சிரித்தாள்.

“உக்காரும்மா” என்றேன். பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னேன். அந்தக் கோபம் அவள்மேல் இல்லை. பாதி வழி என்று கண்டக்டர் சொன்ன கணத்திலேயே எனக்குப் புரிந்துவிட்டது.

முதல் பஸ்காரர்கள்

பொன்முடித் தேயிலைத் தோட்டத்தில், தொழிலாளர்களின் வரிசை வீடுகளான லயத்தில் பிறந்தவள் நான் என்று இந்தத் தொடரில் முன்பே எழுதியிருக்கிறேன். அப்பா சீக்கிரம் போய்விட்டார். அம்மா பேச்சியம்மாள் கொழுந்து பறித்து என்னைப் படிக்க வைத்தாள். எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடத்துக்குள் முதலில் காலடி வைத்தவள் நான்தான்.

எங்கள் லயத்து ஆட்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. ஊருக்குள் எந்த அலுவலகத்தில் எத்தனை மணிக்கு வரச் சொன்னாலும் சரி, முதல் பஸ்ஸில் போய்விடுவார்கள். பத்து மணிக்குக் கூப்பிட்டால் எட்டு மணிக்கே அந்த வராந்தாவில் குந்தியிருப்பார்கள். சோற்றுப் பொட்டலத்தைப் பிரிப்பார்கள், வெற்றிலை போடுவார்கள், கூட்டுபவர் வந்து நகரச் சொன்னால் நகர்ந்து உட்காருவார்கள்.

இது பெரட்டில் வந்த பழக்கம். காலையில் ஆள் கணக்கெடுக்க எல்லாரும் வந்து நிற்கும் இடத்தைத் தோட்டத்தில் பெரட்டு என்போம். பேர் கூப்பிடும்போது ஆள் இல்லை என்றால் அன்றைய வேலை இல்லை. திரும்பி லயத்துக்குப் போக வேண்டியதுதான். அந்தப் பயம் காலில் ஏறிவிட்டது. எங்கே பேர் கூப்பிட்டாலும் முன்னாலேயே போய் நிற்பார்கள்.

அந்தப் பழக்கத்தைக் கண்டால் எனக்கு உடம்பு கூசும். குறித்த நேரத்துக்குப் போனால் போதாதா? காத்துக் கிடப்பது கூலி வேலையின் புத்தி என்று அப்போது நினைத்தேன். நினைத்ததோடு நிற்கவில்லை. அம்மாவிடம் வாய்விட்டுச் சொல்லியும் இருக்கிறேன்.

ஒரு கடிதம்

நான் நகரத்துக் கல்லூரியில் வணிகவியல் சேர்ந்து சில மாதங்கள் ஆகியிருந்தன. அம்மாவுக்கு அடுத்த வருடம் ஓய்வு வயது. ஓய்வு பெற்றால் லயத்து வீட்டைக் காலி செய்ய வேண்டும். எங்களுக்கு வேறு வீடும் இல்லை, மண்ணும் இல்லை.

அப்போதுதான் தோட்டத் தொழிலாளர்களுக்கு வீடு கொடுக்கும் பட்டியல் ஒன்று தயாரானது. அம்மா பேரும் அதில் இருந்தது. கிழக்கேகோட்டை பக்கத்தில் ஓர் அலுவலகத்தில் காலை பத்து மணிக்கு நேர்விசாரணை என்று கடிதம் வந்தது. ஊருக்கு வந்திருந்த நான்தான் வாசித்துச் சொன்னேன். பேர் கூப்பிடும்போது ஆள் இருக்க வேண்டும், தகுந்த காரணம் இல்லாமல் வராதவர்கள் பேர் நீக்கப்படும் என்றும் அதில் இருந்தது. அதையும் வாசித்தேன்.

“மாரியக்காளுக்கும் லெட்டர் வந்திருக்கு” என்றாள் அம்மா. மாரியக்கா அடுத்த வீடு. “மொத பஸ்ஸுல போவோம்னு சொல்லுதா. அஞ்சரைக்கு ஏறினா போதும்.”

“அஞ்சரைக்கா? அங்க போயி என்ன செய்யப் போற?”

“இருக்க வேண்டியதுதான்.”

“ரெண்டாவது பஸ் இப்ப நேரா கிழக்கேகோட்டைக்கே போவுதும்மா. அதுல போவோம். நான் கணக்குப் போட்டுச் சொல்லுதேன்.”

முதல் பஸ்ஸும் இரண்டாவது பஸ்ஸும் அதுவரை நெடுமங்காட்டோடு நின்றுவிடும். அங்கே இறங்கி வேறு பஸ்ஸுக்குக் காத்திருக்க வேண்டும். இரண்டாவது பஸ் மட்டும் நேர் பஸ்ஸாகி ஒரு மாதம்கூட ஆகவில்லை. இடையில் காத்திருக்காமல் நகரம்வரை போக எவ்வளவு நேரம் பிடிக்கும் என்று எங்கள் லயத்தில் யாருக்கும் தெரியாது. அதனால்தான் என் கணக்குக்கு இடம் இருந்தது.

நோட்டுப் புத்தகம்

கணக்கு எனக்குப் பெருமை. பத்தாம் வகுப்பில் பள்ளியிலேயே முதல் மதிப்பெண். லயத்தில் யாராவது வந்து “கணக்குப் பிள்ள இருக்காளா?” என்று கேட்டால் என்னைத்தான் கேட்கிறார்கள் என்று அர்த்தம்.

இந்தக் கணக்கையும் சும்மா போடவில்லை. விடுமுறைக்கு வரும்போதும் போகும்போதும் பஸ்ஸின் முன் இருக்கையில் உட்கார்ந்து, போன் காட்டும் தூரத்தையும் நேரத்தையும் குறித்துவைத்திருந்தேன். ஒருமுறை கண்டக்டர் எட்டிப் பார்த்து, “எந்தா மோளே, வண்டி வாங்ஙான் போகுன்னோ?” என்று, வண்டி வாங்கப் போகிறேனா எனக் கேட்டது நினைவிருக்கிறது.

லயத்திலிருந்து கிழக்கேகோட்டை 62.4 கிலோமீட்டர். அதில் சரிபாதி, விதுராவரை, மலைப்பாதை. இருபத்திரண்டு கொண்டை ஊசி வளைவு, போதாததற்கு பஸ் தோட்டப் பிரிவுகளுக்குள்ளும் போய்த் திரும்பும். அங்கே இருபது நிமிடத்தில் 5.2 கிலோமீட்டர்தான் நகரும். மூன்றால் பெருக்கினால் மணிக்கு 15.6. மறுபாதி சமதளம். அதே இருபது நிமிடத்தில் 15.6 கிலோமீட்டர் ஓடும். மணிக்கு 46.8.

இரண்டு வேகத்தையும் கூட்டி இரண்டால் வகுத்தேன். சராசரி 31.2.

பிறகு தூரத்தைச் சராசரி வேகத்தால் வகுக்க வேண்டும். 62.4 வகுத்தல் 31.2. இரண்டிலும் புள்ளியை ஓர் இடம் தள்ளினேன். 624 வகுத்தல் 312.

இரண்டு. மீதி இல்லை.

பள்ளியில் எங்களுக்கெல்லாம் ஒரு நம்பிக்கை இருந்தது. தசமக் கணக்கு இழுத்துக்கொண்டே போனால் எங்கேயோ தப்பு, முழு எண்ணாக வந்தால் சரி. பரீட்சைத் தாளில் அப்படித்தான் வரும். விடை முழு எண்ணாக வந்துவிட்டால் சரிபார்க்காமல் அடுத்த கணக்குக்குப் போய்விடுவோம்.

நானும் நோட்டை மூடிவிட்டேன். ஏழே முக்கால், கூட இரண்டு மணி நேரம், ஒன்பதே முக்கால். நடக்கக் கால் மணி. பத்துக்கு உள்ளே.

நோட்டில் எழுதாத காரணம்

இதுவரை எழுதியதை நான் பலரிடம் சொல்லியிருக்கிறேன். கணக்கில் ஒரு தப்பு, யாருக்கும் வரும் என்று சிரித்துக்கொண்டே சொல்லிவிடலாம். இனி எழுதுவதை யாரிடமும் சொன்னதில்லை.

அந்த அலுவலகம் என் கல்லூரி விடுதியிலிருந்து கல்லூரிக்குப் போகும் தெருவில் இருந்தது. விடுதிப் பெண்கள் ஒன்பதிலிருந்து ஒன்பதரைக்குள் அந்த வராந்தாவைத் தாண்டித்தான் போவார்கள். என் அறைத்தோழிகளிடம் அம்மா எஸ்டேட் ஆபீஸில் வேலை பார்ப்பதாகச் சொல்லியிருந்தேன். சேர்ந்த முதல் நாள் ஒருத்தி கேட்டாள், வாயில் அப்படி வந்துவிட்டது. பிறகு மாற்றிச் சொல்ல முடியவில்லை.

முதல் பஸ்ஸில் போனால் எட்டரைக்கெல்லாம் அந்த வராந்தாவில் இருப்போம். கொழுந்துக் கறை ஏறிய விரல்களோடு, மாரியக்காவோடு, பொட்டலத்தைப் பிரித்து வைத்துக்கொண்டு அம்மா உட்கார்ந்திருப்பாள். பக்கத்தில் நான்.

ஒன்பதரைக்குப் பிறகு அந்தத் தெருவில் விடுதிப் பெண்கள் ஒருத்திகூட இருக்க மாட்டார்கள்.

வேண்டுமென்று தப்பாகப் போட்டேன் என்று சொல்ல மாட்டேன். அப்படிப் போடவில்லை. ஆனால் விடை இரண்டே முக்கால் மணி என்று வந்திருந்தால் எங்கே தப்பு என்று நிச்சயம் தேடியிருப்பேன். இரண்டு மணி என்று வந்ததால் தேடவில்லை. அந்த விடை எனக்குப் பிடித்திருந்தது.

ஏழே முக்கால்

கல்லூரிக்கு விடுப்புச் சொல்லிவிட்டு லயத்தில் தங்கியிருந்தேன். அன்று காலை அஞ்சேகாலுக்கு மாரியக்கா எங்கள் வாசலில் வந்து நின்று சத்தம் போட்டாள்.

“ஏ பேச்சி! பஸ் வந்துரும். இன்னும் சேலைகூட மாத்தலியா?”

“நாங்க அடுத்த பஸ்ஸுக்கு வாறோம்க்கா.”

“ஏன், என்னாச்சு?”

“எம்மவ கணக்குப் போட்டிருக்கா. புள்ளியெல்லாம் வச்சு. சரியா பத்துக்குள்ள கொண்டுபோயி விட்டுருவா.”

“புள்ளி வச்சா பஸ்ஸு பறக்குமாக்கும்! நான் போறேன்டி. படிக்காதவளுக்கு மொத பஸ்தான்.”

அம்மா சிரித்தாள். மாரியக்கா போன பிறகும் அவள் முகத்தில் அந்தச் சிரிப்பு இருந்தது. புள்ளியெல்லாம் வச்சு என்று சொன்னபோது அவள் குரலில் அவ்வளவு பெருமை.

பஸ் ஏழே முக்காலுக்குச் சரியாக வந்தது. வழியில் டயர் பஞ்சராகவில்லை. மரம் விழவில்லை, யானை மறிக்கவில்லை. பனிகூட இல்லை. எந்த நாளும் போகிற வேகத்தில்தான் போனது. பழி சொல்ல எனக்கு அன்று ஒன்றுமே கிடைக்கவில்லை.

கல்லாறு வந்தபோதே ஒன்பது மணி தாண்டியிருந்தது. இனி சமதளம் வந்துவிடும், எல்லாம் ஈடுகட்டிவிடும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். விதுரா வந்தது. அம்மா எழுந்து நின்றாள்.

ஒன்பதே முக்கால். இரண்டு மணி நேரம். ஓடியிருந்தது 31.2 கிலோமீட்டர்.

கூட்டி இரண்டால் வகுத்ததுதான் தப்பு. தூரம் பாதி பாதி என்றாலும் நேரம் பாதி பாதி இல்லை. மெதுவாகப் போகும் பாதியில்தான் பஸ் அதிக நேரம் கிடக்கிறது. 31.2 வகுத்தல் 15.6. மலைக்கு மட்டுமே இரண்டு மணி நேரம். மிச்சப் பாதிக்கு 31.2 வகுத்தல் 46.8. புள்ளி ஆறு ஆறு ஆறு என்று முடியாமல் போகும். அதாவது நாற்பது நிமிடம்.

எட்டாம் வகுப்புப் பிள்ளை செய்யக்கூடிய கணக்கு. உட்கார்ந்த இடத்தில் மனத்துக்குள்ளேயே போட்டேன். பத்தே இருபத்தைந்துக்கு முன்னால் எதுவும் நடக்காது என்று தெரிந்துவிட்டது. மீதி வழி முழுக்க அதைத் தெரிந்துகொண்டே உட்கார்ந்திருந்தேன். அம்மாவிடம் சொல்லவில்லை. அவள் ஜன்னல் பக்கம் சாய்ந்து, பையை மடியில் அணைத்து, வேடிக்கை பார்த்துக்கொண்டு வந்தாள்.

மூன்று முறை

கிழக்கேகோட்டையிலிருந்து ஓடினோம். அம்மாவின் செருப்பு வார் அறுந்தது. கையில் எடுத்துக்கொண்டு ஓடிவந்தாள். அலுவலகத்துக்குள் நுழையும்போது பத்தே முக்கால் ஆகப்போகிற நேரம்.

மாரியக்கா வாசலிலேயே நின்றிருந்தாள். “எங்கடி போன? மூணு மட்டம் கூப்பிட்டாங்க. வந்துட்டிருக்கா, வந்துட்டிருக்கான்னு நான் மூணு மட்டமும் சொன்னேன். வாய் வலிக்குது.” அவளுக்கு விசாரணை முடிந்து கையெழுத்தும் ஆகியிருந்தது.

மேசைக்குப் பின்னால் ஒரு பெண் அதிகாரி. கடுகடுப்பானவர் இல்லை. களைத்திருந்தார்.

“பேச்சியம்மாள்? மூணு ப்ராவஸ்யம் விளிச்சல்லோ. எந்தா வைகியது?”

மூன்று முறை கூப்பிட்டோமே, ஏன் தாமதம் என்று கேட்டார். பதில் என்னிடம் இருந்தது. நான் மலையாளத்தில் படித்தவள். அம்மாவைவிட நன்றாக, இலக்கணமாகச் சொல்ல என்னால் முடியும். என் கணக்கு தப்பு மேடம், அம்மா முதல் பஸ்ஸுக்கே வருவதாகச் சொன்னாள், நான்தான் தடுத்தேன் என்று சொல்லியிருக்கலாம். மூன்று வாக்கியம்.

வாய் திறக்கவில்லை.

அம்மா என்னைத் திரும்பிப் பார்த்தாள். ஒரு கணம்தான். பிறகு மேசைமேல் கையை ஊன்றிக்கொண்டு அவளுக்கு வரும் மலையாளத்தில் சொன்னாள்.

“எனிக்கு சர்த்தி ஆயிப்போச்சு சாரே. வளவுல ரெண்டு மட்டம் பஸ்ஸ நிறுத்திச்சு. அதான் லேட்டு. பிள்ள மேல தப்பொண்ணும் இல்ல.”

வாந்தி எடுத்தாளாம், மலை வளைவில் பஸ்ஸை இரண்டு முறை நிறுத்தினார்களாம். பஸ் எங்கும் நிற்கவில்லை. அவள் வாந்தி எடுக்கவுமில்லை.

அதிகாரி என்னைப் பார்த்தார். “சரியாணோ மோளே? அம்மைக்கு சுகமில்லாயிருன்னோ?”

தலையாட்டினேன்.

அவர் ஏதோ எழுதினார். காரணம் இல்லாமல் வராதவர்கள் பேரை அடித்துவிடுவார்களாம். உடம்புக்கு முடியவில்லை என்று எழுதியிருப்பதால் அடுத்த பட்டியலுக்கு மாற்றுகிறேன் என்றார். இந்தப் பட்டியலை மூடியாகிவிட்டது. அடுத்தது எப்போது என்று அவருக்கும் தெரியவில்லை.

பேர் போகாமல் இருக்கத்தான் தலையாட்டினேன் என்று பிறகு எத்தனையோ முறை எனக்கு நானே சொல்லிப் பார்த்தேன். அது பொய். தலையாட்டியபோது அந்த விதி எனக்கு நினைவிலேயே இல்லை. இத்தனை பேர் முன்னால் என் கணக்கு தப்பு என்று சொல்ல வேண்டாமே என்பது மட்டும்தான் இருந்தது.

கல்லாறு

அடுத்த பட்டியல் வர மூன்று வருடம் ஆனது.

அம்மா ஓய்வு பெற்றாள். லயத்து வீட்டைக் காலி செய்தாள். கல்லாற்றில் பொன்முடி பார்க்க வருகிறவர்களுக்கு டீயும் பரோட்டாவும் போடும் ஒரு கடையில் பாத்திரம் கழுவப் போனாள். கடைக்குப் பின்னால் மாவு மூட்டை வைக்கும் அறையில் ஒரு கட்டில் போட்டுக் கொடுத்தார்கள். மழைக்காலத்தில் ஆற்று ஈரம் சுவரில் ஏறிப் பாயெல்லாம் நமுத்துக் கிடக்கும்.

விடுமுறைக்குப் போனால் அந்தக் கட்டிலை எனக்குக் கொடுத்துவிட்டு மூட்டைகளுக்கு நடுவே படுத்துக்கொள்வாள். சோப்புத் தண்ணீரில் ஊறி அவள் விரல்களில் இருந்த கொழுந்துக் கறை முழுக்கப் போய்விட்டது. கை வெளுத்து, நகக்கண்ணெல்லாம் வெடித்திருந்தது.

அந்த மூன்று வருடமும் நான் விடுதியில் இருந்தேன். மாரியக்கா புது வீட்டில் இருந்தாள். அம்மா ஒருநாளும் அந்தப் பஸ்ஸைப் பற்றிப் பேசவில்லை. நானும் பேசவில்லை. அவள் பேசாததை மன்னிப்பு என்று எடுத்துக்கொள்வது எனக்கு வசதியாக இருந்தது.

இப்போது கிழக்கேகோட்டை பக்கம் ஓர் அலுவலகத்தில் வேலை பார்க்கிறேன். மாலையில் அக்ரகாரத் தெரு ஒன்றில் ஏழாம் வகுப்புப் பெண் ஒருத்திக்குக் கணக்குச் சொல்லித்தருகிறேன். போன மாதம் சராசரி வேகம் பாடம் வந்தது.

“அக்கா, ரெண்டு ஸ்பீடையும் கூட்டி ரெண்டால டிவைட் பண்ணினா என்ன தப்பு? ஆவரேஜ்னா அதானே?” என்று கேட்டாள். விடையும் முழு எண்ணாக வந்திருந்தது. முகமெல்லாம் வெளிச்சம்.

தப்பு என்று குறிக்கப் பேனாவை எடுத்தேன். குறிக்காமல் கீழே வைத்தேன். தண்ணீர் குடித்துவிட்டு வருகிறேன் என்று எழுந்து போனேன். அன்றுதான் இதை எழுத வேண்டும் என்று தோன்றியது.

வாசித்துக் காட்டினேன்

அம்மாவுக்கு வீடு கிடைத்து இரண்டு வருடமாகிறது. இரண்டு அறை, ஒரு சமையலறை. இந்த அத்தியாயத்தை எழுதி முடித்ததும் அங்கே கொண்டுபோய் அவளுக்கு முழுக்க வாசித்துக் காட்டினேன். விடுதியில் சொன்ன பொய்யையும் விடவில்லை. குனிந்துகொண்டே வாசித்தேன்.

முடித்து நிமிர்ந்தபோது அம்மாவின் முகத்தில் கோபம் இல்லை. பயம் இருந்தது.

“இத அந்த மேடம் படிப்பாங்களா?”

“தமிழ்ப் பத்திரிகம்மா.”

“ஆபீஸுல தமிழ் தெரிஞ்ச ஆளு இல்லாமலா இருக்கும்? நான் பொய் சொன்னேன்னு தெரிஞ்சா வீட்ட எடுத்துருவாங்களா?”

அதெல்லாம் எடுக்க மாட்டாங்க என்று சொல்ல வாயெடுத்தேன். அன்று சொன்ன அதே தைரியத்தில் சொல்லியிருப்பேன். அவள் என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான் என்ன சொன்னாலும் நம்பத் தயாராக இருந்தாள்.

“தெரியலம்மா” என்றேன். “கேட்டுட்டு வந்து சொல்லுதேன்.”

விடுப்பெடுத்து அந்த அலுவலகத்துக்குப் போனேன். அந்த அதிகாரி மாற்றலாகியிருந்தார். புதியவர் வெளியே போயிருந்தார். மறுபடி போனேன். எல்லாவற்றையும் மூச்சுவிடாமல் சொன்னேன், என் கணக்கையும் சேர்த்து. அவர் கொஞ்சம் சிரித்தார். வீடு கொடுத்தது அம்மாவின் உழைப்பைப் பார்த்து, தாமதத்தின் காரணத்தைப் பார்த்து இல்லை, அதை யாரும் தொட முடியாது என்றார். கடந்த இரண்டு வாரம் இந்தத் தொடர் வராததற்கு அதுதான் காரணம்.

திரும்பிப் போய் அம்மாவிடம் சொன்னேன். நீளமாக மூச்சு விட்டாள்.

“அப்ப இத அனுப்பு” என்றாள் பிறகு. “ஆனா ஒண்ணு மட்டும் நல்லா வெவரமா எழுதணும்.”

“என்னம்மா?”

“அன்னைக்கு ஆபீஸுல நான் சொன்னத மாரியக்கா கேட்டுட்டா. லயம் பூரா சொல்லிட்டா. இன்னைக்கும் நான் மலைக்குப் பஸ் ஏறினா எவளாவது ஓடியாந்து எலுமிச்சம்பழத்த கையில குடுக்கா. மோந்துக்கிடுவேன். என்ன செய்ய, சொல்லியாச்சுல்லா? முப்பது வருசம் அந்த வளவுல போயிட்டு வாறேன். நெறமாசத்துலகூட ஒரு மட்டம் வாந்தி எடுத்ததில்ல. அத எழுது.”

இத்தனை வருடமாகப் பெருமை என்று ஒன்று எனக்கு மட்டும்தான் இருப்பதாக நினைத்துக்கொண்டிருந்தேன்.

எழுதுகிறேன். பேச்சியம்மாளுக்கு மலைப்பாதையில் ஒருநாளும் வாந்தி வந்ததில்லை.